நிரை பிடித்துப் பேசினோம்

நான் தோட்டத்துத் தமிழ்ப் பள்ளியில் மூன்றாம் வகுப்பு வரைக்கும்தான் படித்தேன். எழுத்துக் கூட்டித்தான் வாசிப்பேன். ஒரு பக்கம் எழுதி முடிக்க எனக்கு ஒரு பொழுது ஆகும். அதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை. ஆனால் பத்துப் பேர் கூடிப் பேசுகிற இடத்தில் எப்போது எழுந்திருக்க வேண்டும், எப்போது உட்கார வேண்டும், எப்போது வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். எண்பதுகளில் ஈப்போவுக்குக் குடிவந்த பிறகு, எங்கள் தாமான் குடியிருப்புக் கோயில் மாதர் கூட்டத்துக்கு என்னைத்தான் தலைவியாக உட்கார வைத்தார்கள். அதில் ஒரு பள்ளிக்கூட ஆசிரியை இருந்தார். ஒரு நாள் என்னைக் கேட்டார்.

"அக்கா, நீங்க உக்காந்தா மட்டும் எப்படிக்கா யாரும் சண்டை போடாம பேசி முடிக்கிறாங்க? எங்க கோர்சு போனீங்க?"

"பால்மரத்துக்கு அடியிலலா," என்றேன்.

விளையாட்டுக்குச் சொல்கிறேன் என்று நினைத்துச் சிரித்தார். விளையாட்டில்லை. நடந்ததைத்தான் சொன்னேன். அதை இப்போது நிதானமாக எழுதுகிறேன்.

எழுபதுகளின் நடுவில் நாங்கள் ஈப்போவுக்குத் தெற்கே ஒரு ரப்பர் தோட்டத்தில் இருந்தோம். நானும் என் வீட்டுக்காரரும் பால்மரம் வெட்டினோம். மகளுக்கு அப்போது ஒரு வயது நிறையவில்லை. விடிவதற்கு முன் அவளை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டு நான் பெரட்டுக்கு ஓட வேண்டும். பெரட்டு என்பது ஆள் எடுக்கிற இடம். கணக்கு எழுதும் கிராணியார் சிவப்பு அட்டை போட்ட புத்தகத்தை விரித்து ஒவ்வொரு பெயராகக் கூப்பிடுவார். கூப்பிட்ட பெயருக்கு உரியவள் "வந்தேங்கய்யா" என்று சத்தமாகச் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் அன்றைக்கு அவளுக்கு வேலை இல்லை. பாவாடை கட்டிய வயதிலிருந்து நாக்குக்குப் பழகிப்போன சொல் அது. தூக்கத்தில் பெயர் சொல்லிக் கூப்பிட்டாலும் வரும்.

ஆயாக் கொட்டகை நாங்கள் குடியிருந்த லயத்துக்கும் மரக்காட்டுக்கும் நடுவில் இருந்தது. பலகைத் தரை, துருப்பிடித்த தகரக் கூரை, வரிசையாகத் தொங்கும் தொட்டில்கள், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆயா. அந்த ஆயாவுக்கு ஒரே நேரத்தில் இடுப்பில் ஒன்று, தோளில் ஒன்று, காலில் ஆட்டிக்கொண்டே தொட்டிலில் ஒன்று என்று மூன்று பிள்ளைகளைச் சமாளிக்கத் தெரியும். பாட்டு மட்டும் வராது. பிள்ளைகள் அவர் பாடுவார் என்ற பயத்திலேயே தூங்கிவிடும் என்று நாங்கள் கேலி செய்வோம்.

ஒரு நாள் பால் நிறுத்துக் கொடுத்த பிறகு, கைப்பிள்ளைக்காரிகள் எல்லாரும் பள்ளிக்கூடத்துக்கு வர வேண்டும் என்று எங்களை வேலை வாங்கும் மண்டோர் சொல்லிவிட்டுப் போனார். பதினாறு பேர் போனோம். தலைத்துண்டோடு, பால் நாற்றத்தோடு, சின்னப் பிள்ளைகள் உட்காரும் பெஞ்சுகளில் முட்டி தாடையில் இடிக்க உட்கார்ந்தோம். கிராணியார் கையில் ஒரு கடிதம் இருந்தது. எங்கள் ஆயாக் கொட்டகையை மூடப் போகிறார்களாம். தோட்டத்தின் பெரிய டிவிஷனில் சிமெண்டுத் தரை போட்டு, குழாய் வைத்து, புதுக் கொட்டகை கட்டியிருக்கிறார்களாம். இனிமேல் பிள்ளைகளை அங்கேதான் விட வேண்டும். பெரிய டிவிஷன் இரண்டு கட்டை தூரம். மைலை நாங்கள் கட்டை என்றுதான் சொல்வோம்.

இருட்டில் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு இரண்டு கட்டை போய், திரும்ப இரண்டு கட்டை வந்து பெரட்டில் நிற்க என்னால் ஆகாது. வீட்டில் பிள்ளையைப் பார்க்க மாமியாரும் இல்லை, அம்மாவும் இல்லை. கொட்டகை போனால் நான் வேலையை விட வேண்டியதுதான். என் கைவெட்டு அந்தத் தோட்டத்திலேயே சுத்தமான கைவெட்டு. பட்டையில் ஒரு காயம் இருக்காது. தோட்டத்தை நடத்தும் துரையே நின்று தடவிப் பார்த்துவிட்டுப் போயிருக்கிறார். அந்தக் கையை மடக்கி வைத்துக்கொண்டு வீட்டில் உட்காருவதா?

"ஒவ்வொருத்தரா கேட்டு எழுதச் சொல்லி உத்தரவும்மா," என்றார் கிராணியார். "பேரக் கூப்பிடுறேன். மனசுல இருக்கறத சொல்லுங்க."

சொல்லிவிட்டு அந்தச் சிவப்பு அட்டைப் புத்தகத்தை விரித்தார். எங்கள் பெயர்கள் எல்லாம் அதில்தானே இருந்தன. முதல் பெயரைக் கூப்பிட்டார். அவள் எழுந்தாள்.

"வந்தேங்கய்யா."

உட்கார்ந்துவிட்டாள். கிராணியார் ஒரு நிமிடம் பார்த்தார், ஏதோ குறித்தார், அடுத்த பெயரைக் கூப்பிட்டார். அவளும் எழுந்தாள். "வந்தேங்கய்யா." உட்கார்ந்தாள். மூன்றாவது, நான்காவது, எல்லாம் அப்படியே. என் பெயர் வந்தது. நெஞ்சு நிறையப் பேச்சு இருந்தது. தோட்டத்தில் எனக்கு ரேடியோ என்று பட்டம். என் வீட்டுக்காரர் வைத்தது. அப்படிப்பட்ட நான் எழுந்தேன். "வந்தேங்கய்யா," என்றேன். உட்கார்ந்த பிறகுதான் நான் என்ன சொன்னேன் என்பதே என் காதில் விழுந்தது. திரும்ப எழுந்திருக்கலாம் என்றால், ஒரு தடவை பதில் சொன்னவள் மறுபடி எழுந்து நிற்பது பெரட்டில் வழக்கமில்லை. அதற்குள் அடுத்தவளும் வந்தேன் என்று சொல்லிவிட்டாள்.

வெளியே மாமரத்தடிக்கு வந்ததும் பதினாறு பேரும் ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்தோம். மரத்தில் இருந்த காக்கைகள் பறந்துவிட்டன.

இரண்டு நாள் கழித்துப் பெரட்டுக்களத்துப் பலகையில் ஒரு தாள் ஒட்டியிருந்தது. எழுத்துக் கூட்டி நான்தான் எல்லாருக்கும் வாசித்தேன். தாய்மார்கள் அனைவரையும் கேட்டாயிற்று, யாருக்கும் ஆட்சேபனை இல்லை, வருகிற மாதத்திலிருந்து கொட்டகை மூடப்படும் என்று இருந்தது.

நானும், வெற்றிலை போடும் அக்கா ஒருவரும், எனக்கு அடுத்த வரிசை மரங்களை வெட்டும் பக்கத்து நிரைக்காரியும் கிராணியார் ஜன்னலுக்குப் போனோம். வெற்றிலைக்கார அக்கா ஐந்து பெற்றவர். கடைசிப் பிள்ளை கொட்டகையில் இருந்தது. பக்கத்து நிரைக்காரி சின்னப் பெண். தலைப்பிள்ளை பெற்று நாலு மாதம்தான் ஆகியிருந்தது. வாய் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பதுபோல இருப்பாள்.

"ஐயா, நாங்க எப்ப ஆட்சேபனை இல்லன்னு சொன்னோம்?" என்றேன்.

"ஆட்சேபனை இருக்குன்னு எப்பம்மா சொன்னீங்க?" என்றார் அவர். கெட்டவர் இல்லை. அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. "நானும் பாவம்னு ஒவ்வொருத்தர் மூஞ்சியையும் பாத்தேன். வந்தேன் வந்தேன்னு சொல்லிட்டு உக்காந்தீங்க. நான் என்னத்த எழுத?"

"புத்தகத்தப் பாத்ததும் வாய் தானா சொல்லிருச்சுய்யா," என்றார் வெற்றிலைக்கார அக்கா. "வேற அட்டை போட்டுக் கொண்டாந்திருக்கக் கூடாதா?"

கிராணியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "தொரை அடுத்த வாரம் பள்ளிக்கூடத்துக் கூரையப் பாக்க வாராரு. சொல்லிப் பாக்குறேன். பத்து நிமிசம் குடுப்பாரு. ஆனா ஒண்ணு. எல்லாரும் ஒண்ணா கத்துனீங்கன்னா காடியில ஏறிப் போயிருவாரு. அவரு தொண்டை கிழியப் பேசுற ஆளுங்களப் பாத்தா எழுந்திருச்சிருவாரு."

எங்களுக்கு இரண்டே விதம்தான் தெரியும். பெரட்டில் வந்தேன் என்று ஒரு சொல் சொல்வோம். இல்லாவிட்டால் காட்டில் நிரைக்கு நிரை கூவிப் பேசுவோம். மரங்களுக்கு நடுவில் முகம் தெரியாது, அதனால் சத்தம்தான். ஒருத்தி முடிக்கும் வரை காத்திருப்பது என்ற பழக்கமே கிடையாது. இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு பேச்சு இருக்கிறது என்பதை அந்த ஒரு வாரத்தில் நாங்கள் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது.

மரம் வெட்டி முடித்தால், பால் வடிந்து மரத்தில் கட்டிய மங்கு நிறைகிற வரைக்கும் கொஞ்ச நேரம் சும்மா இருப்போம். அந்த நேரத்தில் பிள்ளைக்காரிகள் கொட்டகைக்கு ஓடி, பிள்ளைக்குப் பால் கொடுத்துவிட்டு வருவது வழக்கம். ஒத்திகையை அங்கேயே வைத்துக்கொள்ளலாம் என்று நான் சொன்னேன். கொட்டகைக்குப் பின்னால் நிழலில் உட்கார்ந்தோம். மடியில் பிள்ளை, கையில் கோப்பித் தூக்கு. ஆயா வாசல்படியில் உட்கார்ந்துகொண்டார், அவர்தான் துரை.

"சரி, தொரை வந்துட்டேன். பேசுங்க," என்றார் ஆயா.

பதினாறு பேரும் பேசினோம். ஆயா காதைப் பொத்திக்கொண்டு, "தொரை காடியில ஏறிட்டாரு," என்று உள்ளே போய்விட்டார்.

இரண்டாம் நாளும் அப்படித்தான். நான் ஒரு யோசனை சொன்னேன்: நானே எல்லாருக்குமாகப் பேசிவிடுகிறேன். எல்லாரும் தலையாட்டினார்கள். வெற்றிலைக்கார அக்கா மட்டும், "ரேடியோவப் போட்டுட்டா மூட முடியாதுடி. பத்து நிமிசத்துல நீ ஒன் கதையில ஒன் கல்யாணத்துக்கே வந்திருக்க மாட்ட," என்றார். எனக்குக் கோபம்தான். ஆனால் பொய் இல்லை.

மூன்றாம் நாள் சரி, ஆளுக்குக் கொஞ்சம் பேசுவோம் என்று தொடங்கினோம். பக்கத்து நிரைக்காரி முறை வந்தது. "வந்து... தொரை... நாங்க காலையில..." என்று இழுத்தாள். எனக்குப் பொறுக்கவில்லை. "காலையில நாலு மணிக்கு எழுந்திருக்கணும் தொரை, பிள்ளையத் தூக்கிக்கிட்டு..." என்று நான் எடுத்து ஓட்டினேன். மறுபடி அவள் தொடங்கினாள். மறுபடி நான் எடுத்தேன். மூன்றாம் தடவை அவள் தலையைக் குனிந்தபடி மெதுவாகச் சொன்னாள்.

"அக்கா, என் நெரையில நீங்க கத்தி வைக்கிறீங்க."

தோட்டத்தில் அதைவிடப் பெரிய குற்றம் கிடையாது என்பதை வெளியார் அறிய மாட்டார்கள். ஒவ்வொருத்திக்கும் இத்தனை வரிசை மரம் என்று இருக்கும். அதுதான் அவள் நிரை. அவள் காய்ச்சலில் கிடந்தாலும் மண்டோர் சொல்லாமல் இன்னொருத்தி அந்த மரத்தில் கத்தி வைக்கக் கூடாது. வைத்தவள் வீட்டில் பெண் எடுக்கக்கூட யோசிப்பார்கள். அதை என்னைப் பார்த்து, பதினைந்து பேர் முன்னால், இந்தச் சின்னப் பெண் சொல்லிவிட்டாள். என் முகம் சுட்டது. எழுந்து போய்விடலாம் என்று தோன்றியது. மகள் மடியில் பால் குடித்துக்கொண்டிருந்தாள், அதனால் எழுந்திருக்க முடியவில்லை. அவள் வாய் எடுப்பதற்குள் எனக்குக் கோபம் ஆறிவிட்டது.

"சரி புள்ள," என்றேன். "ஒன் நெரைய நீயே வெட்டு. நான் கத்திய மடக்கிட்டேன்."

"அவ மட்டுமா?" என்றார் வெற்றிலைக்கார அக்கா. "நாம எல்லாருந்தான் அடுத்தவ நெரையில வெட்டிக்கிட்டு இருக்கோம்."

அதன் பிறகு எங்களுக்கு யாரும் எதையும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. நிரை என்றதும் எல்லாமே புரிந்துவிட்டது. ஒருத்தி பேச ஆரம்பித்தால் அது அவள் நிரை. கடைசி மரம் வரை அவள் போகட்டும். நடுவில் நின்று மூச்சு வாங்கினால் அவள் கத்தி தீட்டுகிறாள் என்று அர்த்தம், நிரையை விட்டுவிட்டுப் போய்விட்டாள் என்று இல்லை. முன்னால் போனவள் வெட்டிய மரத்தையே திரும்ப வெட்டக் கூடாது. அவள் சொன்னதையே சொல்லக் கூடாது. கோபத்தில் ஆழமாக இறக்கினால் பட்டையில் காயம் விழும், அப்புறம் அந்த இடத்தில் பால் வராது. துரையைத் திட்டுவதற்கு அழகான வார்த்தைகள் சேர்த்து வைத்திருந்த இரண்டு பேர் அதைக் கேட்டு மனசில்லாமல் அவற்றை விட்டுவிட்டார்கள். பதினாறு பேருக்கும் நேரம் போதாது என்று ஐந்து பேரைப் பிடித்தோம். ஆளுக்கு ஒரே விஷயம். வெற்றிலைக்கார அக்காவுக்கு மழைக்காலத்து ஆறு. ஒருத்திக்கு இருட்டுப் பாதை. ஒருத்திக்குப் பெரட்டு நேரம். பக்கத்து நிரைக்காரிக்கு இரண்டு கட்டை நடை. எனக்குக் கடைசி நிரை. கடைசியாகப் பேசுகிறவள்தான் சட்டியைக் கழுவிக் கவிழ்க்கிறவள் என்று நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். வீட்டில் அரிசி களையும்போதும், சடக்குப் பாதையில் நடக்கும்போதும் அந்தப் பேச்சை முணுமுணுத்துக்கொண்டே இருந்தேன்.

"ஏ புள்ள, சாமி வந்திருக்கா?" என்று என் வீட்டுக்காரர் கேட்டார்.

துரை வந்தார். சீனர். நடுத்தர வயது. தோட்டத்திலேயே இருந்து தமிழ் பழகியவர். மலாயும் தமிழும் கலந்து பேசுவார். பெரிய மேசைக்குப் பின்னால் அவர் உட்கார, பக்கத்தில் கிராணியார். மறுபடியும் அந்தச் சின்னப் பெஞ்சுகள். வெளியே ஜன்னலில் ஆயா, இடுப்பில் ஒன்று, தோளில் ஒன்று. கிராணியார் சிவப்புப் புத்தகத்தை எடுத்தார். என் பக்கத்தில் பதினைந்து பேரும் மூச்சைப் பிடித்ததை உணர்ந்தேன். அவர் எங்களைப் பார்த்தார், புத்தகத்தை மேசைக்கு அடியில் வைத்துவிட்டார்.

"யாரு முதல்ல?" என்றார் துரை.

வெற்றிலைக்கார அக்கா எழுந்தார். வாயில் வெற்றிலை இல்லை. அவரை அப்படி நான் பார்த்ததே அன்றைக்குத்தான். மழை பெய்தால் பெரிய டிவிஷன் வழியில் ஆற்றுத் தண்ணீர் எந்த அளவுக்கு வரும் என்று தன் இடுப்பில் கை வைத்துக் காட்டினார். பிறகு அதே கையை நெஞ்சுக்கு ஏற்றினார். "மழ நின்னா எறங்குற தண்ணி இல்ல தொரை, மறுநாளும் நிக்கும்," என்றார். உட்கார்ந்தார். அடுத்தவள் எழுந்தாள். அதற்கும் அடுத்தவள். ஒருத்தி பேச மற்றவர்கள் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். துரை கடிகாரத்தைப் பார்க்கவில்லை. ஆனால் அவர் மனதில் எதுவும் இறங்கியதாகவும் தெரியவில்லை. "புது எடம் நல்ல எடம்லா," என்றார் இடையில். "சிமெண்டு, தண்ணி, எல்லாம் இருக்கு."

பக்கத்து நிரைக்காரி எழுந்தாள். "ரெண்டு கட்டை தொரை," என்றாள். "போக ரெண்டு, வர ரெண்டு..." அங்கேயே நின்றுவிட்டாள். கை முந்தானையைச் சுருட்டியது. துரை காத்திருந்தார். அப்போதுதான் கடிகாரத்தைப் பார்த்தார். அவள் விட்ட இடத்திலிருந்து நான் எடுத்தால் போதும். அந்தப் பேச்சு முழுதும் எனக்கு மனப்பாடம். என் தொழிலும் என் பிள்ளையும் அந்த மேசையில் இருந்தன. தலைத்துண்டின் நுனியை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டேன். கத்தி தீட்டுகிறாள், கத்தி தீட்டுகிறாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

வெளியே ஆயாவின் தோளில் இருந்த பிள்ளை சிணுங்கியது. பக்கத்து நிரைக்காரியின் பிள்ளைதான். அவள் அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். பிறகு துரையைப் பார்த்தாள்.

"அதுக்குப் பசிக்கிது தொரை," என்றாள். "மரத்துல பால் வடியிற நேரத்துலதான் நாங்க ஓடிப்போயி பிள்ளைக்குப் பால் குடுத்துட்டு வாரோம். கொட்டகை கிட்ட இருக்கு, அதனால மங்கு நெறையிறதுக்குள்ள திரும்பிர்றோம். பெரிய டிவிசன் போயிட்டு வந்தா, மங்குல இருக்கற பால் கட்டிப் போயிரும். பிள்ளையும் அழும், தோட்டத்துக்கும் பால் இல்ல."

உட்கார்ந்துவிட்டாள்.

இதை நாங்கள் ஒத்திகையில் பேசவே இல்லை. தினமும் அந்த நிழலில் உட்கார்ந்து பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டேதான் ஒத்திகை பார்த்தோம். எங்கள் யாருக்கும் அது தோன்றவில்லை. நான் நடுவில் புகுந்திருந்தால் அது அவள் வயிற்றுக்குள்ளேயே போயிருக்கும்.

துரை கிராணியாரிடம் திரும்பினார். மலாயில் ஏதோ கேட்டார். கட்டிப்போன பால் என்றால் தோட்டத்துக்கு என்ன என்று அவருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. கொஞ்ச நேரம் மேசையைத் தட்டிக்கொண்டிருந்தார்.

"போலே," என்றார். முடியும் என்பதற்கு மலாயில் அப்படித்தான். "பழைய எடத்துலயே இருக்கட்டும். ஆனா சிமெண்டு எல்லாம் இப்ப கேக்கக் கூடாது." பிறகு எங்களைப் பார்த்து, "இன்னும் ஒரு ஆள் இருக்குன்னு கிராணி சொன்னாரு. யாரு?"

நான்தான். எழுந்தேன். ஒரு வாரமாக முணுமுணுத்த பேச்சு தொண்டை வரைக்கும் வந்து நின்றது. பிள்ளை, இருட்டு, ஆறு, என் கைவெட்டு, துரை தடவிப் பார்த்த பட்டை, எல்லாம் அதில் இருந்தது. நல்ல பேச்சு. இன்றைக்கும் எனக்கு வரி வரியாக ஞாபகம் இருக்கிறது. ஆனால் அந்த மரங்களை எல்லாம் முன்னால் போனவர்கள் வெட்டிவிட்டார்கள், பால் வந்தாயிற்று. பால் வந்த மரத்தில் மறுபடி கத்தி வைத்தால் பட்டைக்குத்தான் கேடு.

"நான் சொல்ல வந்தத எல்லாரும் சொல்லிட்டாங்க தொரை," என்றேன். "கொட்டகை இங்கயே இருக்கும்னு கிராணியாரு இப்பவே எழுதி, ஒருக்கா சத்தமா வாசிச்சுக் காட்டட்டும். போன தடவ என்ன எழுதுனாங்கன்னு பலகையிலதான் தெரிஞ்சது."

துரை சிரித்தார். கிராணியார் காது சிவக்க எழுதினார், எழுதியதை வாசித்தார். "எல்லாருக்கும் சம்மதமா?" என்று கேட்டார்.

வெற்றிலைக்கார அக்கா பெஞ்சிலிருந்து நிதானமாக எழுந்து, "வந்தேங்கய்யா," என்றார்.

துரை போன பிறகுதான் நாங்கள் காக்கைகளைப் பறக்க விட்டோம். ஆயா சந்தோஷத்தில் பாடத் தொடங்கினார், கெஞ்சி நிறுத்தினோம்.

நான் மூன்றே வாக்கியம் பேசினேன் என்ற செய்தி எனக்கு முன்னால் லயத்துக்குப் போய்விட்டது. வழியில் மூன்று பேர் என்னை நிறுத்திக் காய்ச்சலா என்று கேட்டார்கள். வீட்டில் என் வீட்டுக்காரர் கோப்பி கலக்கி வைத்திருந்தார். அது அவர் செய்கிற வேலையே இல்லை.

"என்னா புள்ள, பேசவே இல்லையாமே? ரேடியோவுல பேட்டரி போயிருச்சா?"

"நல்லாத்தான் இருக்கு," என்றேன். மகளை அவர் மடியில் வைத்தேன். "உக்காருங்க. அங்க சொல்லாதது எல்லாம் இருக்கு. இப்ப நீங்கதான் தொரை."

முழுப் பேச்சையும் கடைசி மரம் வரைக்கும் பேசி முடித்தேன். அவர் ஒரு தடவைகூடக் குறுக்கே வரவில்லை. பாதியிலேயே மகளும் அவரும் தூங்கிவிட்டார்கள் என்பது வேறு விஷயம்.

மறுநாள் விடியலில் மகளைக் கொட்டகைத் தொட்டிலில் கிடத்திவிட்டுப் பெரட்டுக்கு ஓடினேன். பெயர் கூப்பிட்டார்கள். வந்தேங்கய்யா என்றேன்.